இரண்டாம் தகரம்

விஸ்கான்சினில் நானூறு தானியக் கொட்டகைகளை
ஆணி ஆணியாய் அளந்தவர் ஹால்வர்சன்.
ஒட்டுப்போர்வையின் தையலைப் பார்த்தே
தைத்தவளுக்கு இடக்கைப் பழக்கம் என்பார்.
அவர் எனக்கு எழுதிய முதல் விதி:
வீட்டுக்காரனைக் கேட்காதே, வீட்டைக் கேள்.

கேட்டேன்.
டர்பனில், கிளேர்வுட்டில், லாரிகள் திணறித் திரும்பும் முடுக்கில்
மரச்சட்டமும் நெளிதகரமுமாய் ஒரு வீடு.
அளவுநாடாவின் மறுமுனையை என் தங்கை பிடித்தாள்,
மணிக்கு இவ்வளவு என்று பேசிக்கொண்டு.
முன்கூடம் மூன்று மீட்டர் நாற்பது.
கூரைச் சரிவு இருபத்திரண்டு பாகை.
கட்டியவர்: தெரியவில்லை.

சமையலறையில் உள்பலகை கிடையாது,
தகரத்தின் முதுகு அப்படியே தெரியும்.
அடுப்புக்கு மேலே, புகையேறிய சிவப்புச் சாயத்தில்
உ.

பிள்ளையார் சுழி!
கப்பலேறி வந்து
கடிதத் தலைப்பிலிருந்து இறங்கி
தகரத்தில் குடியேறிய சுழி.
அன்றிரவே ஆறு பக்கம் எழுதினேன்.
மறுநாள் அலமாரியை நகர்த்தினால் எ.
ஜன்னலோரம் அ.
எல்லம்மன், என்றேன். அங்காளம்மன்.
இன்னும் நாலு பக்கம்.
ஹால்வர்சன் மூன்று ஆச்சரியக்குறி போட்டு அனுப்பினார்,
ஆயுளில் ஒன்றுகூடப் போடாத மனிதர்.

கோணசீலன் லாரிக்கு அடியிலிருந்து ஊர்ந்து வந்தான்.
முழங்கை வரை கிரீஸ். ரேடியோவில் கால்பந்து.
நான் பெருமையாய் நீட்டிய படத்தைப் பார்த்து
"நம்பர்" என்றான்.
"கேட்டோ மேனரை விட்டுப் போன்னு நோட்டீஸ் வந்தப்போ
தாத்தா வீட்டையே கழட்டிட்டாரு.
எந்தத் தகரம் எங்கன்னு நம்பர் போட்டுத்தான் ஏத்துனாங்க.
எழுத்து எனக்கு வராது. ஆனா அது நம்பர்."

உ அல்ல, ௨.
எ அல்ல, ௭.
சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் எழுத்தெல்லாம் தந்தார்கள்,
எண்ணை யாரும் தரவில்லை.
எனக்கு எழுத்து தெரியும், எண்ணென்று தெரியாது.
அவனுக்கு எண்ணென்று தெரியும், எழுத்து தெரியாது.
இருவரும் சேர்ந்து
ஒரு தகரத்தை வாசித்தோம்.

ஹால்வர்சனுக்கு எழுதினேன்:
வீடு ஒன்றும் பொய் சொல்லவில்லை.
பதில் வர எட்டு நாள் ஆயிற்று.
"உன் சுழி அழகாக இருந்ததே."
முற்றுப்புள்ளி.

பத்துப் பக்கத்தையும் கிழிக்க மனம் வரவில்லை,
பின்புறம் தகரக் கணக்கு எழுதினேன்.
ஒன்று முதல் பதினான்கு வரை ஒழுங்கு.
அடுத்தது இருபத்திரண்டு.
அந்த இடத்தில்தான் அந்தக் கதவு,
தள்ளினால் பக்கத்துக் கிடங்கின் சுவரில் இடிக்கிற கதவு.
காற்றோட்டத்துக்காக என்று
முதல் நாளே எழுதி வைத்திருந்தேன்.

"அது பெரிய தாத்தா பங்கு" என்றான்.
"அவரு அறைக்கு ஏழு தகரம்.
சண்டை போட்டுக்கிட்டு டொங்காட்டுக்குத் தூக்கிட்டுப் போயிட்டாரு.
கதவு எங்க பக்கத்துச் சட்டத்துல இருந்துச்சு,
நின்னுடுச்சு."

வரைபடத்தில் கதவென்றால் ஒரு கால்வட்டம் வேண்டும்,
அது திறக்கும் வழியைச் சொல்ல.
போட்டேன். கோடு வேலியைத் தாண்டிக்
கிடங்குக்காரன் மனைக்குள் போய் நின்றது.
கோணசீலன் குனிந்து பார்த்தான்.
"இது முனிசிபாலிட்டி கையில கெடைக்குமா?"
கிடைக்கலாம்.
"அப்போ மூடி வரைங்க."

மூடி வரைந்தேன்.
கட்டியவர்: இருளப்பன் முதலி.
கழற்றியவரும் அவரே என்று எழுத
படிவத்தில் இடமில்லை.
அறைகளின் எண்ணிக்கை: நான்கு.
பக்கத்தில், ஓரமாய், சிவப்பு மையில்
சின்னதாய் ஒரு ௫ போட்டேன்.
ஹால்வர்சன் அதை
அலங்காரம் என்றே எடுத்துக்கொள்ளட்டும்.